கடைசி இதழின் ஒரே பிரதி

மாலையில்தான் விருது விழா. விமர்சகர் மத்தியானமே கோட்டை மாட்டிக்கொண்டு கண்ணாடி முன் நின்றுவிட்டார்.

"இந்த எளியவனுக்கு..." என்று ஆரம்பித்துப் பார்த்தார். முகத்தில் எளிமை வரவில்லை. இன்னொரு முறை முயன்றார். ம்ஹூம்.

எப்படி வரும்? விண்கலம், ரோபோ, வேற்றுக்கிரகவாசி என்று எந்தப் பத்திரிகை எந்தக் காலத்தில் எதைப் போட்டிருந்தாலும் தேடிப் பிடித்து, படித்து, கிழி கிழியென்று கிழித்து, அறிவியல் புனைகதை இதழ்களின் வரலாற்றைத் தலையணை கனத்துக்கு எழுதியிருக்கிறாரே!

அந்தத் தலையணையில் ஒரே ஒரு பக்கம்தான் பொய். கஷ்டகாலம், நடுவர்கள் மயங்கியதும் அந்தப் பக்கத்தில்தான்.

அவர் பள்ளிக்கூடம் போன காலத்தில் 'வால்நட்சத்திரம்' என்று ஒரு பத்திரிகை வந்தது. அதில் 'ஏழாம் கிரகத்து எழிலரசி' என்று ஒரு தொடர். அடுத்த இதழில் முடியும் என்று போட்டிருந்தார்கள். அதோடு பத்திரிகை நின்றுபோனதாகக் கேள்வி. அந்தக் கடைசி இதழ் மட்டும் அவர் கண்ணில் படவே இல்லை. நூலகம், பழைய புத்தகக் கடை, தெரிந்தவர் வீட்டுப் பரண் எல்லாம் ஏறி இறங்கியாயிற்று. வரலாறு எழுதுகிறவர் 'நான் பார்க்கவில்லை' என்று எழுதினால் மானம் போகாதா? எந்தத் தொடர்தான் உருப்படியாக முடிந்திருக்கிறது என்ற தைரியத்தில், 'முடிவு படு சொதப்பல். கடைசி இதழின் ஒரே பிரதி என்னிடம் உள்ளது' என்று ஒரே போடாகப் போட்டுவிட்டார்.

அழைப்பு மணி அடித்தது.

வாசலில் முதுகில் மருந்து டப்பாவோடு ஒரு வெள்ளைத்தலை ஆசாமி. "கரையான் மருந்து அடிக்கணும்னு வீட்டம்மா ஃபோன் பண்ணாங்க."

வீட்டம்மா விழாவுக்காக அழகு நிலையம் போயிருந்தாள். "இன்னிக்குன்னு பார்த்தா? சரி, வாங்க பெரியவரே. புத்தக அலமாரிகிட்ட மட்டும் பார்த்து அடிங்க."

பெரியவர் உள்ளே வந்தார். கதவைத் தாழிட்டார். டப்பாவை இறக்கி வைத்தார். அது காலி டப்பா. பிறகு வலது கையை மேலங்கிப் பைக்குள் விட்டார். உள்ளேயிருந்து கெட்டியாக ஏதோ ஒன்று விமர்சகரின் தொப்பையைப் பார்த்து முட்டிக்கொண்டு நின்றது.

"வால்நட்சத்திரம் கடைசி இதழை எடுங்க சார். உங்ககிட்ட மட்டும்தானே இருக்கு?"

விமர்சகர் இரண்டடி பின்வாங்கினார். பழைய இதழ் சேர்க்கிற பைத்தியங்களைப் பற்றி அவரே ஓர் அத்தியாயம் எழுதியிருக்கிறார். கொடுக்காவிட்டால் உயிர் போகும். இல்லவே இல்லை என்று ஒத்துக்கொண்டால் விருது போகும். மச்சினன் குடும்பம் மொத்தமும் முன்வரிசையில் வந்து உட்காரப் போகிறது. அதற்கு உயிரே போகலாம்.

"அ... அது பேங்க் லாக்கர்ல இருக்கு."

"பரவாயில்ல." பெரியவர் இடது கையால் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். "முடிவை மட்டும் சொல்லுங்க. நிதானமா, ஒண்ணு விடாம."

விமர்சகர் கண்ணை மூடி, சின்ன வயதில் படித்ததை இழுத்துப் பிடித்தார். ஜன்னலில்லாத இரும்பு அறையில் கதாநாயகன் அடைபட்டுக் கிடக்கிறான். வெளியே விசையருகில் எழிலரசி. இழுத்தால் அவன் சாம்பல். அவளுடைய ஒரு கை இயந்திரக் கை. வில்லன் டாக்டர் வாயால் சொல்வதைத்தான் கேட்கும். "இழு!" என்கிறான் டாக்டர். தொடரும்.

"அவ... அந்த வலது கையைக் கழட்டிடுறா."

"இயந்திரக் கை இடது சார்."

"ஆமாமா, இடது! கழட்டி, டாக்டர் கழுத்துல மாட்டிடுறா. லபக்குனு பிடிச்சுக்குது!"

"விடுன்னு டாக்டர் சொன்னா விட்டுடுமே?"

"கழுத்தைப் பிடிச்சா எப்படிங்க சொல்லுவான்?"

"அட!" பெரியவர் நாற்காலி நுனிக்கு வந்துவிட்டார்.

விமர்சகருக்குச் சூடு பிடித்துக்கொண்டது. பயம் போன இடம் தெரியவில்லை. கோட்டைக் கழற்றிச் சோபாவில் எறிந்தார்.

"அப்புறம் அவளே விசையை இழுக்கிறா!"

"ஐயோ, அவன் செத்துடுவானே!"

"அதான் இல்ல! டாக்டர் அசந்த நேரமா பார்த்து ஒயரையெல்லாம் மாத்தி வெச்சிருக்கா. அது சிறையே இல்ல சார், விண்கலம்! விர்ருனு கிளம்புது! கழட்டின கையைத் திருப்பி வாங்க நேரமில்ல. ஒத்தைக் கையோட ஒரே தாவா உள்ள தாவிடுறா!"

சொன்ன வேகத்தில் விமர்சகரே சோபா மேல் தாவி நின்றார். பெரியவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"இதைப் போய் சொதப்பல்னு எழுதினீங்களே சார்!"

"விமர்சகன்னா கொஞ்சம் கறாராத்தான் இருக்கணும்."

பெரியவரின் வலது கை மெல்ல வெளியே வந்தது. விமர்சகர் கண்களை இறுக மூடிக்கொண்டார். 'க்ளிக்' என்று ஒரு சத்தம். ஒன்றும் ஆகவில்லை. கண்ணைத் திறந்தால், பெரியவர் கையில் இருந்தது குரல் பதிவுக் கருவி.

"பத்திரமா பதிவாயிடுச்சு. வரேன் சார்."

விமர்சகருக்கு உள்ளுக்குள் சிரிப்புப் பொங்கியது. உயிரும் பிழைத்தது, விருதும் பிழைத்தது. நின்ற நிலையில் அவிழ்த்துவிட்ட புளுகை இந்த மடையன் அசல் என்று நம்பிப் பொத்திப் பொத்தி எடுத்துப் போகிறானே! குஷியில் வாய் சும்மா இருக்கவில்லை.

"பெரியவரே, அப்போ கடைசி இதழ் வேணாமா?"

"அப்படி ஒண்ணு வந்தாத்தானே சார்? முடிவு தோணலையேன்னு சொல்லாம கொள்ளாம நான் ஓடிப்போனதுலதான் பத்திரிகையே நின்னு போச்சு" என்றபடி தாழ்ப்பாளைத் திறந்தார், 'ஏழாம் கிரகத்து எழிலரசி'யை எழுதியவர்.