வருஷமா, தவணையா?

"மொத்தமா முடிச்சிடுங்கம்மா. இன்னியோட இவளுக்கு விடுதலை."

காசோலையை வங்கியின் கடன் பிரிவு மேசைமேல் வைத்துவிட்டு சோபாக்காரர் சாய்ந்து உட்கார்ந்தார். நாற்காலியின் பஞ்சு அமுங்கிப் போயிருந்தது. வேறொரு நாளாக இருந்தால் அதைப் பற்றியே அரைமணி நேரம் பேசியிருப்பார்.

பக்கத்தில் அவர் மனைவி. ரத்தப் பரிசோதனை நிலையத்திலிருந்து நேராக வந்திருந்தாள். வெள்ளை அங்கியை மடித்து மடியில் வைத்திருந்தாள்.

ஊசி என்றாலே ஊரைக் கூட்டுகிற பிள்ளைகள்கூட இவளிடம் மட்டும் கையை நீட்டும். "அந்தம்மா வரட்டும்" என்று காத்திருக்கிற பெரியவர்களும் உண்டு. குத்தியதே தெரியாது.

வீடு வாங்கிய நாளிலிருந்து சோபாக்காரருக்கு ஒரே பேச்சுதான். கடன் முடியட்டும், இவளை வேலையை விடச் சொல்லிவிட்டு, கால்மேல் கால் போட்டு உட்கார வைக்கிறேன். இதை அவர் சொல்லாத ஆள் கிடையாது.

அதற்கென்றே பச்சை வெல்வெட்டில் ஒற்றை சோபா ஒன்றைத் தைத்துக் கொண்டுவந்து ஜன்னலோரம் போட்டிருந்தார். பாசத்தில் மனிதரைக் குறை சொல்ல முடியாது. அவள் அதில் துவைத்த துணிகளை மடித்து அடுக்கினாள்.

பதினைந்து வருடக் கடன். பன்னிரண்டு ஓடிவிட்டது. போன மாதம் ஒரு திரையரங்குக்கு இருக்கைகள் தைத்துக் கொடுத்ததில் மிச்ச மூன்று வருடத் தவணையும் ஒன்றாகக் கைக்கு வந்திருந்தது.

கடன் பிரிவுப் பெண் கணினியைப் பார்த்தாள். பிறகு காசோலையைப் பார்த்தாள். மறுபடி கணினியைப் பார்த்தாள்.

"சார், இது பாதிக் கடனுக்குத்தான் வரும். இன்னும் எட்டு வருஷம் இருக்கே."

சோபாக்காரர் சிரித்தார். வேறு யார் கணக்கையோ திறந்துவிட்டாய் அம்மா என்றார். அவருடைய தவணை ஒரு காசுகூட ஏறியதில்லை. அதே வங்கியில் அதே வருடம் கடன் வாங்கிய மச்சானுக்கு இரண்டு முறை ஏறியது. "எல்லாம் ராசி மச்சான்" என்று பார்க்கிற இடத்திலெல்லாம் அவனை ஓட்டித் தள்ளியவர் இவர்.

அந்தப் பெண் பொறுமைசாலி. கணினியை அவர் பக்கம் திருப்பிக் கிளிப்பிள்ளைக்குச் சொல்வதுபோலச் சொன்னாள். வட்டி இவருக்கும்தான் ஏறியது. தவணை ஏறவில்லை என்றால் வருடம் ஏறும். கட்டுகிற பணத்தில் வட்டியை வங்கி முதலில் எடுத்துக்கொள்ளும், மிஞ்சியதுதான் அசலுக்குப் போகும். இத்தனை வருடத்தில் வாங்கிய கடனைவிட அதிகமாகவே கட்டியாகிவிட்டது. ஆனாலும் அசலில் பாதிக்கு மேல் அப்படியே நிற்கிறது. இப்படியே போனால் கடைசியில் வாங்கியதுபோல இரண்டு பங்குக்கு மேல் கட்டியிருப்பார்.

தவணை ஏறிய மச்சானுக்குச் சொன்ன வருடத்தில் முடிந்துவிடும்.

சோபாக்காரர் முகத்தில் ஈயாடவில்லை. மனைவியைத் திரும்பிப் பார்க்கவே அவருக்குக் கூச்சமாக இருந்தது. இன்னும் எட்டு வருடம் இவள் விடியற்காலையில் எழுந்து ஓட வேண்டும் என்று எந்த வாயால் சொல்வது?

பிறகுதான் கோபம் வந்தது. என்னைக் கேட்காமல் வருடத்தை ஏற்ற நீங்கள் யார் என்று குரலை உயர்த்தினார்.

"கேட்டோம் சார். ரெண்டு தடவையும் ஃபோன் பண்ணி, தவணைய ஏத்தவா வருஷத்த ஏத்தவான்னு கேட்டோம்."

கடை இயந்திரச் சத்தத்தில் காதில் எதுவும் விழாது என்று, கூட்டாகக் கையெழுத்துப் போட்ட மனைவியின் எண்ணைத்தான் கடன் வாங்கிய அன்றைக்கு அவர் கொடுத்திருந்தார்.

"நான்தாங்க வருஷத்த ஏத்தச் சொன்னேன்" என்றாள் அவள்.

சோபாக்காரர் அவள் பக்கம் திரும்பினார். மாதா மாதம் என் கழுத்தை நெரிக்கக் கூடாது என்று இவளே எல்லாவற்றையும் சுமந்திருக்கிறாள். எப்பேர்ப்பட்டவள்! பாவி, நான் ராசி என்று பீற்றிக்கொண்டு திரிந்தேனே. அவள் கையைப் பிடித்துக்கொண்டு, எனக்காகவா என்று கேட்டார்.

அவள் கையை விலக்கவில்லை.

"இல்லைங்க. கடன் முடிஞ்சா என்னை உக்கார வெச்சிருவீங்களே. எனக்கு உக்கார வராதுங்க."

கடன் பிரிவுப் பெண் குனிந்து எதையோ தட்டத் தொடங்கினாள்.

சோபாக்காரர் மனதுக்குள் எட்டிலிருந்து மூன்றைக் கழித்தார். கூடுதலாக ஐந்து வருடத் தவணை! இந்த ஒரு வார்த்தையை என்னிடம் சொல்லியிருந்தால் காசு செலவில்லாமல் முடிந்திருக்குமே! கேட்டிருந்தால் வேலைக்குப் போ என்று சும்மாவே விட்டிருப்பேனே என்றார்.

"விட்டிருப்பீங்களா?"

சண்டைக்குக் கேட்கவில்லை. நிஜமாகவே தெரிந்துகொள்ளத்தான் கேட்டாள். அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

எதற்கும் சட்டென்று பதில் வைத்திருக்கிற மனிதர். வாயைத் திறந்தார். வீடு குடிபுகுந்த அன்று வந்தவர்களிலிருந்து கடைக்கு வந்தவர்கள்வரை, தான் வாக்குக் கொடுத்து வைத்திருந்த அத்தனை பேரும் நினைவுக்கு வந்தார்கள். நாலு பேர் என்ன சொல்வார்கள் என்பதும் வந்தது. வார்த்தை மட்டும் வரவில்லை.

அவள் காத்திருந்தாள். அவசரப்படுத்தவில்லை.

கடன் பிரிவுப் பெண் தொண்டையைக் கனைத்தாள். காசோலையைக் கணக்கில் சேர்த்துவிடலாம், அதற்கு ஈடாகத் தவணையைக் குறைப்பதா வருடத்தைக் குறைப்பதா என்று கேட்டாள்.



மனைவி சோபாக்காரரின் கையை மெல்ல எடுத்து அவர் மடியிலேயே வைத்தாள். பிறகு அந்தப் பெண்ணின் பக்கம் திரும்பினாள்.

"தவணைய மட்டும் குறைங்கம்மா. வருஷம் அப்படியே இருக்கட்டும்."