பெத்த வயிறு

தொலைக்காட்சித் தொடர் ஒன்றில் மகளை வதைக்கும் தாய்க்குச் சுகுணா பின்னணிக் குரல் கொடுத்தாள். ஒரு காட்சியில் வசனம் முடிந்த பிறகும் நடிகையின் உதடுகள் அசைந்துகொண்டிருந்தன. "எதையாவது போட்டு நிரப்பும்மா" என்றார் இயக்குநர். சுகுணா யோசிக்கவேயில்லை. "உன்னப் பெத்த வயித்துல பெரண்டைய வெச்சுக் கட்டணும்டி" என்று அதுவாக வாயில் வந்தது. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருந்தவர்கள் கைதட்டினார்கள்.

காட்சியைப் பார்த்த சேனல்காரர்களுக்குத்தான் பிடிக்கவில்லை. "பெத்தவ இப்படியெல்லாம் பேசுவாளா? ஜனங்க ஒத்துக்க மாட்டாங்க. சித்தின்னு மாத்திடுங்க." 'அம்மா' என்று வந்த இடங்களில் எல்லாம் 'சித்தி' என்று மறுபடி பேசிச் சேர்த்தார்கள். அந்த ஒரு வரியை மட்டும் திருத்த மறந்துபோனார்கள்.

ஒளிபரப்பான அன்று வீட்டில் சுகுணாவின் அம்மா முருங்கைக்கீரை ஆய்ந்தபடி பார்த்துக்கொண்டிருந்தாள். "பாவி, அந்தப் பச்சப்புள்ளைய என்ன பாடு படுத்துறா. இவல்லாம் பொம்பளையா?" என்று முந்தானையால் கண்ணைத் துடைத்தாள். பக்கத்தில் சுகுணா தன் குரலைக் கேட்டபடி உட்கார்ந்திருந்தாள். அந்த வரி வந்தது. அம்மாவின் கை நின்றது.

"சித்திக்காரி எப்படிடி பெத்த வயிறும்பா? எழுதுனவனுக்கு அறிவே இல்ல."

"யாரும் எழுதலம்மா. நானாச் சொன்னது."

அம்மா அவளை ஏற இறங்கப் பார்த்தாள்.

"இந்த மாதிரிப் பேச்செல்லாம் யாருகிட்டடி கத்துக்கிட்ட?"

கேட்டுவிட்டு, உண்மையாகவே பதிலுக்குக் காத்திருந்தாள்.