பதினெட்டு பாத்

பாங்காக் புறநகரில் ஒரு வரிசை வீடு. வாசலில், நிலத்துச் சாமிக்கென்று கம்பத்தின் மேல் நிறுத்திய குட்டி வீட்டின் முன்னால் துவாங்சாய் சிவப்புச் சோடாவைத் திறந்து வைக்கிறாள். நுரை சீறி அடங்குகிறது. காலை வெயில் சாமி வீட்டின் பொன்னிறக் கூரையில் பட்டுக் கண்ணைக் கூச வைக்கிறது. பின்னால் கணவன் தீரவட், வங்கிச் சீட்டை முகத்துக்கு நேரே பிடித்தபடி நிற்கிறான். "இந்த மாசம் வீட்டுக் கடனுக்கு ஒன்பதாயிரத்து ஐந்நூறு பாத் கட்டியிருக்கோம். வட்டி போக அசல்ல கழிஞ்சது பதினெட்டு." "பதினெட்டு பாத்தா?" "ஆமா." அவள் சோடா மூடியைக் கைக்குள் இறுக்குகிறாள். "மூணு வருஷம் முடிஞ்சா வட்டி ஏறும், போய்க் கேட்டா குறைப்பாங்கன்னு தலைப்பாடா அடிச்சுக்கிட்டேனே!" "பேங்க் மேனேஜர் நமக்குக் கடன் கொடுத்த மனுஷன். அவர்கிட்ட போய் எப்படிக் கேக்கறது? சங்கடப்படுவாரே." "நாலு வருஷமா அவரு சங்கடப்படாம நல்லாத்தான் இருக்காரு." தீரவட் சீட்டை நான்காக மடிக்கிறான், எட்டாக மடிக்கிறான். இன்னும் இருபத்து மூன்று வருடம். சுவரில் போன மழைக்கு விட்ட விரிசல் ஜன்னல்வரை வந்துவிட்டது. துவாங்சாய் உறிஞ்சுகுழலைச் சோடாவில் செருகிவிட்டுக் கை கூப்புகிறாள். "நீங்க நிம்மதியா குடிங்க சாமி. உங்க வீடு ரொக்கத்துக்கு வாங்கினது."