மைக் இல்லாத நாற்காலி

எங்கள் நாட்டுப் போரை நிறுத்துவது பற்றி நாளை இந்த மண்டபத்தில் பேசப்போகிறார்கள். நீள மேசையின் இரு முனைகளிலும் இரண்டு வல்லரசுகளின் கொடிகள் நிற்கின்றன. மேற்பார்வையாளர் டேப்பை வைத்து அவற்றின் உயரத்தை மூன்றாவது தடவையாக அளக்கிறார். "ஒரு இன்ச் கூடக்குறைய இருந்தாலும் எழுந்து போயிடுவாங்கம்மா." மாலை வெயில் மேசைமேல் வழுக்குகிறது. நானும் சித்தியும் மேசையைத் துடைத்துக்கொண்டிருக்கிறோம். அவள் மகன் எல்லையில் பதுங்குகுழியில் கிடக்கிறான். எங்கள் நாட்டுக்கான நாற்காலி கதவோரம், சுவரை ஒட்டி இருக்கிறது. அதற்கு மைக் இல்லை. எங்கள் வீட்டிலேயே முதல் பட்டம் வாங்கிய என் வாய் சும்மா இருக்கவில்லை. "ஏன் சார், சாகறது நாங்கதானே?" மேற்பார்வையாளர் கொடியிலிருந்து கண்ணெடுக்காமல் சொல்கிறார்: "நம்மாளுங்க கேட்டுக்க வர்றவங்கம்மா, பேச இல்ல." நான் மேசை மைக்கின் ஒயரை அந்த நாற்காலிப் பக்கம் இழுக்கிறேன். பாதி தூரத்தில் விறைத்து நின்றுவிடுகிறது. "விடுடி, கை வலிக்கப்போகுது" என்கிறாள் சித்தி. பிறகு வாளியைத் தூக்கிக்கொண்டு வந்து, அந்த நாற்காலியை மட்டும் இரண்டாம் முறை துடைக்கிறாள்.