கட்டுப்பல்

பல் டாக்டரின் சாய்வு நாற்காலியில் அந்த நடிகர் வாயைத் திறந்தபடி கிடக்கிறார். விளக்கு கண்ணைக் கூசவைக்கிறது. இருபது வருடத்துக்கு முன், தானே எழுதிய உழவன் வேடத்துக்காகத் தானே பிடுங்கிக்கொண்ட முன்பல்லின் ஓட்டை இன்னும் அப்படியே இருக்கிறது. அதற்குப் பிறகு வந்த படமெல்லாம் அதே வயல், அதே மண்வெட்டி, அதே ஓட்டைப்பல் சிரிப்பு. இப்போது ஒரு நீதிபதியின் கதையை எழுதி முடித்திருக்கிறார். அதில் நடிக்கப் பல் வேண்டும். “இந்த ஓட்டையை அடைச்சா ஜனங்க என்னைத்தான் சார் திட்டுவாங்க” என்று சிரித்துக்கொண்டே டாக்டர் கட்டுப்பல்லைத் தட்டில் வைக்கிறார். “அதுக்கு முன்னாடி அந்த உழவனோட வசனத்தை ஒரே ஒரு தடவை சொல்லுங்களேன்.” நர்ஸ் செல்போனை உயர்த்திப் பிடிக்கிறாள். அவர் மறுக்கத்தான் வாயெடுக்கிறார். “வேணாங்க, என்னை விட்டுடுங்க.” ஓட்டை வழியே காற்று சீறுகிறது, வந்த குரல் அந்த உழவனுடையது. இருவரும் விழுந்து விழுந்து சிரித்துக் கைதட்டுகிறார்கள்.