அதே பாஸ்வேர்ட்

"மறுபடியும் பூட்டிக்கிச்சா சார்?" செல்போன் கடைக்காரர் சிரித்தார்.

"கை தவறி எல்லாத்தையும் அழிச்சுட்டேன். இப்போ பழைய பாஸ்வேர்டைக் கேட்டு உயிரை வாங்குது" என்று தன் மலிவு விலைப் போனை நீட்டினார் பெரியவர்.

"ஞாபகம் இல்லையா?"

"சுத்தமா இல்லை."

"அப்போ உங்க பொண்ணு போனுக்குத்தான் ஓடிபி போகும். பாவம், வெளியூர்ல வேலையா இருப்பாங்க. அந்த நம்பரை எடுத்துட்டு என் கடை நம்பரைப் போட்டுடவா?"

"ஐயையோ, அதெல்லாம் வேண்டாம்!" பெரியவர் பதறிப்போனார்.

சற்று நேரத்தில், போன தடவை போலவே கடைக்காரரின் போனில் மகள் கூப்பிட்டாள். பெரியவர் பாய்ந்து வாங்கினார்.

"அப்பா, ஓடிபி வந்திருக்கு. எழுதிக்கங்க."

"மெதுவா சொல்லும்மா. சாப்பிட்டியா?"

"மீட்டிங்ல இருக்கேன்ப்பா." மளமளவென்று எண்களை ஒப்பித்தாள். "நீங்க கூப்பிட்டா எடுக்கக்கூட எனக்கு நேரமில்ல. இதுக்கு மட்டும் ஓடி வர வேண்டியிருக்கு. இனிமே என் பேரையே பாஸ்வேர்டா வச்சுக்கங்க. அதையும் மறந்துடுவீங்களா?"

"மறப்பேனாம்மா? அப்புறம், உன்..." என்பதற்குள் வைத்துவிட்டாள்.

கடைக்காரர் எண்களைப் போட்டதும், புதிய பாஸ்வேர்ட் கேட்டது போன். பெரியவர் தயங்கித் தயங்கி மகளின் பெயரை அடித்தார்.

'இது ஏற்கெனவே நீங்கள் வைத்திருக்கும் பாஸ்வேர்ட். வேறொன்றைத் தேர்ந்தெடுக்கவும்.'

திரையைப் படித்த கடைக்காரர் நிமிர்ந்து பார்த்தார். பெரியவர் தலையைக் குனிந்துகொண்டார்.

"வேற ஏதாவது போடுங்க சார்" என்றார் கடைக்காரர் மெதுவாக. "பொண்ணு நம்பர் அப்படியே இருக்கட்டும்."