சேங்கொட்டைக் கோடு

முதன்முறையாக மதராஸ் துறைமுகத்துக்கு வந்த ஒரு கிரேக்க நீராவிக் கப்பலின் அழுக்கு மூட்டையை, ராயபுரத்துச் சலவைக்காரர் கிருஷ்ணப்பன் அவிழ்த்தார். சேங்கொட்டைச் சாற்றில் குறி போட ஒரு காலரைப் புரட்டியவர் கையை நிறுத்தினார். அவர் வீட்டுக் குறியான மூன்று புள்ளி அதில் ஏற்கெனவே இருந்தது. புள்ளிகளுக்குக் கீழே ஒரு கோடு. செத்தவர்களின் துணி மற்றதோடு கலந்துவிடக் கூடாதென்று அவர் மனைவி வரலட்சுமி போடுகிற கோடு அது. போன ஐப்பசியில் காசிமேட்டு அலை அவளை இழுத்துப் போயிற்று. உடல் கிடைக்கவில்லை.

எல்லாச் சட்டையிலும் கோடு இருந்தது.

“இன்னா தொரை, இத்தெல்லாம் ஆரு தோச்சது?”

மூட்டை கொண்டுவந்த மாலுமி, கொழும்பில் பழகிய தமிழில் சொன்னான்: “எங்கட ஊரு கடலோரம், சின்ன ஊரு. ஒரு அம்மா கடல்லேருந்து வந்தது. பேசாது. ஊர்த் துணி பூரா அதுதான் தோய்க்கும்.”

“பூராவுமா?”

“தொட்டில் துணிகூட” என்று சிரித்தான்.

சேங்கொட்டைக் கறை எந்தச் சலவைக் காரத்துக்கும் போகாது; காயாத சாறு பட்டால் தோலும் வெந்துபோகும். கிருஷ்ணப்பன் கோடுகளை மட்டும் வெட்டியெடுத்து, சட்டைகளுக்கு ஒட்டுப் போட்டுத் தைத்தார். துணுக்குகளைக் கடலில் எறிந்தார்.

“வேணாம் வரலட்சுமி, புள்ளகுட்டிக்காரனுங்க. வுட்டுரு.”

கப்பல் கிளம்பிப் போன மறுநாள், கொடியில் காய்ந்த தம் துண்டை எடுத்துத் தோளில் போட்டார். தோள் சுரீரென்று எரிந்தது. விரித்துப் பார்த்தார். ஓரத்தில் மூன்று புள்ளி. கீழே அவர் வெட்டியெறிந்த கோடுகள் அத்தனையும், சாறு காயாமல்.